கருவை உறைய வைத்து எழுப்ப முடிகிறது, மனிதரை ஏன் முடியவில்லை?

கேள்வி இப்படி வந்திருக்கிறது: "முப்பது ஆண்டுகள் உறைந்து கிடந்த கருவிலிருந்து குழந்தை பிறக்கிறது என்கிறார்கள். அப்படியென்றால் இறந்தவரின் உடலைத் திரவ நைட்ரஜனில் வைத்திருந்து, அவருடைய நோய்க்கு மருந்து கண்டுபிடித்த பிறகு எழுப்ப முடியாதா? இதற்குப் பணம் வாங்கும் நிறுவனங்கள் ஏமாற்றுகின்றனவா? எங்கள் குடும்பத்தில் மூத்தவர் ஒருவர் பதிவு செய்துகொள்ள நினைக்கிறார்." இதற்குள் மூன்று கேள்விகள் இருக்கின்றன. குளிர் உயிரைக் காக்குமா என்பது எளியது, காக்கும். இறந்த பிறகு உறைய வைக்கப்பட்ட ஒருவரிடம் காப்பதற்கு என்ன மிச்சம் இருக்கிறது என்பது கடினமானது. நம்பிக்கையை விலை வைத்து விற்பது சரியா என்பது மூன்றாவது. செல்களையும் திசுக்களையும் உறைய வைத்துப் பாதுகாக்கும் துறையில் பல ஆண்டுகளாக வேலை செய்பவன் என்ற முறையில் முதல் இரண்டுக்கும் பதில் சொல்கிறேன். நினைவாற்றல் பற்றி வரும் இடங்களில் மட்டும் நரம்பியலாளர்கள் கண்டதைச் சார்ந்து பேசுகிறேன். மூன்றாவதில் இருப்பது என் சொந்தத் தீர்ப்பு, நீங்கள் மறுக்கலாம்.

உறுதியாகத் தெரிந்ததிலிருந்து தொடங்குகிறேன். திரவ நைட்ரஜனின் வெப்பநிலை −196 டிகிரி செல்சியஸ். அந்தக் குளிரில் மூலக்கூறுகள் இடம்விட்டு நகர முடியாது. செல்லைச் சிதைக்கும் வேதிவினைகள் அனைத்தும் நடைமுறையில் நின்றுவிடுகின்றன. இயற்கைக் கதிர்வீச்சு மட்டும் மெல்லச் சேதம் செய்துகொண்டிருக்கும், அது பொருட்படுத்தத்தக்க அளவை எட்ட ஆயிரக்கணக்கான ஆண்டுகள் வேண்டும். உறைந்த கருவிலிருந்து முதல் குழந்தை 1984இல் ஆஸ்திரேலியாவில் பிறந்தது. 1992இல் உறைய வைத்த கருக்களிலிருந்து 2022இல் அமெரிக்காவில் இரட்டைக் குழந்தைகள் பிறந்தன. எனவே சேமித்து வைக்கும் கால அளவு ஒரு தடையே இல்லை. முப்பது ஆண்டுகளைத் தாங்கிய கரு முந்நூறு ஆண்டுகளையும் தாங்கும் என்றே எதிர்பார்க்கிறேன். கீழே −196க்குப் போகும் வழியிலும், அங்கிருந்து மேலே திரும்பும் வழியிலும்தான் செல்கள் சாகின்றன.

அந்த வழியில் நடப்பதைப் பலரும் தவறாகப் புரிந்துகொண்டிருக்கிறார்கள். தண்ணீர் உறைந்தால் ஏறக்குறைய ஒன்பது சதவீதம் விரிவடையும், அதனால் செல் வெடித்துவிடும் என்று பள்ளியில் கற்றதை வைத்துச் சொல்கிறார்கள். மெதுவாகக் குளிர்விக்கும்போது பெரும்பாலும் அப்படி நடப்பதில்லை. பனிக்கட்டி முதலில் செல்லுக்கு வெளியே உருவாகிறது. அது தூய நீரை மட்டும் தன்னிடம் சேர்த்துக்கொண்டு உப்பை ஒதுக்கிவிடுகிறது. மிஞ்சிய திரவத்தில் உப்பின் செறிவு ஏற, செல்லுக்குள் இருக்கும் நீர் வெளியே இழுக்கப்படுகிறது. செல் சுருங்கி, அதன் சவ்வு கெடுகிறது. இதைத் தவிர்க்க வேகமாகக் குளிர்வித்தால் நீர் வெளியேற நேரமில்லாமல் செல்லுக்குள்ளேயே பனிக்கட்டி முளைக்கிறது. அது அநேகமாக எப்போதும் செல்லைக் கொன்றுவிடும். இந்த இரட்டைச் சிக்கலைப் பீட்டர் மேசரும் அவருடன் பணியாற்றியவர்களும் 1972இல் தெளிவாக விளக்கினார்கள். ஒவ்வொரு வகைச் செல்லுக்கும் அதற்கே உரிய குளிர்விப்பு வேகம் உண்டு. விந்தணுவுக்கு ஏற்றது சிவப்பணுவுக்கு ஏற்காது. பல வகைச் செல்கள் கூடி வாழும் ஓர் உறுப்பில் எந்த வேகத்தைத் தேர்ந்தெடுத்தாலும் யாராவது ஒருவர் பலியாவார்கள்.

இதற்கு வழி திறந்தது கிளிசரால். 1949இல் போல்ஜ், ஆட்ரி ஸ்மித், பார்க்ஸ் ஆகிய மூவரும் கோழியின் விந்தணுக்களைக் கிளிசரால் கலந்து உறைய வைத்து மீண்டும் அசைய வைத்தார்கள். அதுபோன்ற உறைகாப்புக் கரைசல்களின் செறிவைப் போதுமான அளவு உயர்த்தினால் இன்னொன்றும் நடக்கிறது. பனிக்கட்டியே உருவாகாமல் திரவம் மேலும் மேலும் கெட்டிப்பட்டு, ஏறத்தாழ −120 டிகிரிக்குக் கீழே கண்ணாடியைப் போன்ற திடப்பொருளாகிவிடுகிறது. மூலக்கூறுகள் திரவத்தில் இருந்த அதே ஒழுங்கற்ற நிலையில் அப்படியே அசைவற்று நின்றுவிடுகின்றன. இதைக் கண்ணாடியாக்கம் என்கிறோம். 1985இல் ராலும் கிரெகரி ஃபாஹியும் சுண்டெலிக் கருக்களை இந்த முறையில் −196க்குக் கொண்டுபோய் உயிரோடு மீட்டார்கள். இன்று கருத்தரிப்பு மையங்களில் சினைமுட்டைகளையும் கருக்களையும் சேமிப்பது பெரும்பாலும் இந்த வழியில்தான்.

இப்போது உங்கள் கேள்வியின் நடுப்பகுதிக்கு வருகிறேன். கருவில் நடப்பது ஏன் மனிதரிடம் நடக்கவில்லை? முதல் காரணம் அளவு. உறைய வைக்கும் கரு ஒரு மில்லிமீட்டரில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு பருமன் உள்ளது. சில செல்கள் முதல் சுமார் நூறு, இருநூறு செல்கள் வரை அதில் இருக்கும். கரைசல் சில நிமிடங்களில் உள்ளே ஊறிவிடும். திரவ நைட்ரஜனில் முக்கினால் நிமிடத்துக்குப் பல ஆயிரம் டிகிரி என்ற வேகத்தில் குளிரும். சில செல்கள் இறந்தாலும் மற்றவை பெருகி அந்த இடத்தை நிரப்பிவிடும். மனித மூளையோ ஏறக்குறைய 1.4 கிலோ, அதில் சுமார் 8,600 கோடி நரம்பணுக்கள். கரைசல் இரத்தக் குழாய்கள் வழியாக மட்டுமே ஒவ்வொரு மூலைக்கும் போய்ச் சேர முடியும். உள்ளிருக்கும் வெப்பம் மேற்பரப்பு வழியாக மட்டுமே வெளியேற முடியும், அதற்குப் பல மணி நேரம் ஆகிறது. மெதுவாகக் குளிரும் பொருளில் பனிக்கட்டியைத் தடுக்க வேண்டுமானால் கரைசலின் செறிவை இன்னும் கூட்ட வேண்டும். கூட்டினால் அந்தக் கரைசலே செல்லுக்கு நஞ்சாகிறது. இந்தத் துறையில் இருக்கிறவர்கள் தங்கள் வாழ்நாளைச் செலவிடுவது இந்தக் குறுகிய இடைவெளிக்குள்தான்.

அதைவிடப் பெரிய தடை சூடாக்குவது. பொதுமக்களுக்கு எழுதப்படும் கட்டுரைகளில் இது அநேகமாக இடம்பெறுவதே இல்லை, எனக்கு அது வருத்தம் தருகிறது. கண்ணாடியாகக் குளிர்ந்த திசுவிலும் கண்ணுக்குத் தெரியாத பனி வித்துகள் ஒளிந்திருக்கும். திரும்பச் சூடாக்கும்போது அவை வளரத் தக்க வெப்பநிலையைக் கடக்க வேண்டியிருக்கிறது. மெதுவாகக் கடந்தால் அங்கே படிகங்கள் பெருகி எல்லாம் கெட்டுவிடும். ஆகவே குளிர்வித்ததைவிட வேகமாகச் சூடாக்க வேண்டும். அதே சமயம் வெளிப்புறம் முந்திச் சூடாகி உட்புறம் பின்தங்கினால், குளிர்ந்த கண்ணாடித் தம்ளரில் கொதிநீர் ஊற்றியது போல விரிசல் விடும். வேகமும் வேண்டும், சீரும் வேண்டும்.

மினசோட்டா பல்கலைக்கழகத்தில் ஜான் பிஷோஃப், எரிக் ஃபிங்கர் ஆகியோரின் குழு இதற்கு அழகான ஒரு தீர்வைக் கண்டது. உறைகாப்புக் கரைசலோடு மிக நுண்ணிய இரும்பு ஆக்சைடு துகள்களையும் இரத்தக் குழாய்களுக்குள் செலுத்திவிடுகிறார்கள். பிறகு மாறிக்கொண்டே இருக்கும் காந்தப்புலத்தில் வைத்தால் துகள்கள் எல்லா இடத்திலும் ஒரே நேரத்தில் சூடேறுகின்றன. உறுப்பு உள்ளிருந்தே வெப்பமடைகிறது. 2023இல் வெளியான அவர்களுடைய ஆய்வில், 100 நாட்கள் வரை கண்ணாடி நிலையில் வைத்திருந்த எலிச் சிறுநீரகங்களை எடுத்துச் சூடாக்கி, துகள்களைக் கழுவி, சொந்தச் சிறுநீரகம் நீக்கப்பட்ட ஐந்து எலிகளுக்குப் பொருத்தினார்கள். தொடக்கத்தில் தடுமாறினாலும் சில வாரங்களில் அவை சரியாக வேலை செய்தன. அதற்கு முன்பு, 2009இல் வெளியான ஃபாஹி குழுவின் ஆய்வில் ஒரு முயலின் சிறுநீரகம் கண்ணாடியாக்கி மீட்கப்பட்டது. அந்த ஒரே சிறுநீரகத்தோடு முயல் 48 நாட்கள் வாழ்ந்தது. அந்த முடிவு வெளிவந்தபோது எங்களில் பலர் அதைத் திரும்பத் திரும்பப் படித்தோம். தானமாகக் கிடைத்த சிறுநீரகத்தை ஒன்றரை நாளுக்கு மேல் வைத்திருப்பதே கடினம் என்ற நிலையில், உறுப்பு வங்கி ஒன்று சாத்தியமானால் எத்தனை உயிர்கள் பிழைக்கும் என்பதை நினைத்துப் பாருங்கள். இந்த ஆய்வுகளின் நோக்கம் அதுவே. ஆனால் எலியின் சிறுநீரகம் சுமார் ஒரு கிராம்தான். மனிதருடையது நூறு மடங்குக்கும் மேல். அந்தத் தூரமே இன்னும் கடக்கப்படவில்லை. பாலூட்டி எதுவும், சுண்டெலி உட்பட, −196 டிகிரிக்குப் போய் முழு உடலோடு உயிருடன் திரும்பியதில்லை. மூளை ஒன்று அங்கே போய், திரும்பி வந்து, மீண்டும் சிந்தித்ததும் இல்லை.

இந்த இடத்தில் சிலர் வட அமெரிக்காவின் மரத்தவளையைக் கொண்டுவருவார்கள். அதன் உடல் நீரில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு பனிக்கட்டியாகிவிடும், இதயம் நின்றுவிடும், வசந்தத்தில் உருகி எழுந்து துள்ளும். உண்மைதான். ஆனால் அது தாங்குவது சுழியத்துக்குக் கீழே சில டிகிரி முதல் பதினெட்டு டிகிரி போன்ற குளிரை. பனிக்கட்டி செல்களுக்கு வெளியே மட்டும் நிற்கிறது. கல்லீரல் பெருமளவு குளுக்கோஸைக் கொட்டி உறுப்புகளைக் காக்கிறது. அந்த உடலே இதற்காகப் பரிணமித்தது. 1999இல் நார்வேயில் பனிக்கட்டிக்கு அடியில் சிக்கி, உடல் வெப்பநிலை 13.7 டிகிரி வரை இறங்கி, பிழைத்த இளம் மருத்துவரையும் சிலர் சான்றாகச் சொல்வார்கள். அவர் குளிர்ந்தார், உறையவில்லை. 1950களில் ஆட்ரி ஸ்மித்தும் ஜேம்ஸ் லவ்லாக்கும் வெள்ளெலிகளைச் சுழியத்துக்குச் சற்றுக் கீழே கொண்டுபோய், உடல் நீரில் கணிசமான பகுதி உறைந்த பிறகும் மீட்டார்கள். நான் மதிக்கும் பரிசோதனை அது. ஆனால் அந்தக் குளிரில் அவை தாங்கியது குறுகிய நேரம் மட்டுமே.

இதுவரை சொன்னதெல்லாம் நல்ல நிலையில் எடுக்கப்பட்ட, உயிருள்ள உறுப்புகளைப் பற்றியது. இறந்தவரின் உடல் அப்படி வருவதில்லை. ஒருவர் இறந்துவிட்டார் என்று சட்டப்படி அறிவிக்கப்பட்ட பின்பே நிறுவனத்தின் குழு உடலைத் தொட முடியும். எல்லாம் திட்டப்படி நடந்தால், குழு படுக்கையருகே காத்திருக்கும். அறிவிப்பு வந்தவுடன் உடலைப் பனிநீர்த் தொட்டியில் கிடத்தி, இயந்திரத்தால் மார்பை அழுத்தி இரத்தத்தை ஓட வைத்து, இரத்தம் கட்டிப்படாமலிருக்க ஹெப்பரின் என்ற மருந்தைக் கொடுத்து, பிறகு இரத்தத்தை அகற்றிக் கரைசலைச் செலுத்தி, பல நாட்களில் −196க்கு இறக்கும். திட்டப்படி நடக்காத மரணங்கள் ஏராளம். தூக்கத்தில் போகிறவர்கள், விபத்தில் போகிறவர்கள், பிரேதப் பரிசோதனைக்கு உள்ளாகிறவர்கள், வேறு நாட்டிலிருந்து விமானத்தில் அனுப்பப்படுகிறவர்கள் உண்டு. இரத்த ஓட்டம் நின்ற சில நிமிடங்களில் மூளைச் செல்களின் ஆற்றல் இருப்பு தீர்ந்துவிடுகிறது. நேரம் கூடக் கூட நுண்குழாய்கள் வீங்கி அடைபட்டு, பிறகு கரைசலைச் செலுத்தினாலும் உள்ளே போவதில்லை. போகாத பகுதியில் பனிக்கட்டி உருவாகும். எல்லாம் நன்றாகப் போனாலும் கண்ணாடி நிலையைத் தாண்டி −196க்கு இறங்கும்போது பெரிய உறுப்புகளில் விரிசல்கள் விழுகின்றன. அந்த ஒலியை நுண்ணொலிவாங்கி வைத்துப் பதிவு செய்தவர்கள் இந்த நிறுவனத்தினரே. எதிர்காலம் இவரை எழுப்ப வேண்டுமானால் அவரைக் கொன்ற நோய், இறந்த பிறகு நேர்ந்த சிதைவு, கரைசலின் நஞ்சு, பனிக்கட்டி, விரிசல் ஆகிய அனைத்தையும் சரிசெய்ய வேண்டும். "மருந்து கண்டுபிடித்த பிறகு" என்று நீங்கள் எழுதியிருப்பது இவற்றில் முதல் ஒன்றை மட்டுமே தீர்க்கும்.

ஆதரவாளர்களிடம் இதற்கு ஒரு நல்ல பதில் இருக்கிறது, அதை மறைப்பது நியாயமாகாது. நீண்டகால நினைவு, ஓடிக்கொண்டிருக்கும் மின்துடிப்பில் இல்லை, நரம்பணுக்களுக்கு இடையிலான இணைப்புகளின் அமைப்பில் இருக்கிறது என்கிறார்கள். இதற்கு வலுவான ஆதாரம் உண்டு. பெருந்தமனி அறுவைச் சிகிச்சையில் நோயாளியை ஏறக்குறைய 18 டிகிரி வரை குளிர்வித்து, இரத்த ஓட்டத்தையே அரை மணி நேரம் போல நிறுத்துகிறார்கள். மூளையின் மின்பதிவு தட்டையாகிவிடுகிறது. எழுந்தவர் தன் பெயரையும் பிள்ளைகளையும் மறந்திருப்பதில்லை. ஆகவே அமைப்பு சிதையாமல் இருக்கும்வரை அந்த மனிதர் முற்றிலும் அழிந்துவிடவில்லை, மீட்கும் திறன் இன்று நம்மிடம் இல்லை, அவ்வளவே என்பது அவர்கள் வாதம். 2019இல் யேல் பல்கலைக்கழகத்தில் நெனாட் செஸ்டனின் குழு, இறந்து நான்கு மணி நேரமான பன்றி மூளைகளில் செல்களின் சில செயல்பாடுகளை மீட்டுக் காட்டியது. நனவுக்கு உரிய மின்னலைகள் தோன்றவில்லை. தோன்றிவிடக் கூடாது என்று நரம்பணுக்களின் துடிப்பை அடக்கும் மருந்தையும் சேர்த்திருந்தார்கள். மரணம் நாம் நினைத்ததைவிட மெதுவாக நடக்கிறது என்பதை அந்த ஆய்வு காட்டியது.

நான் தயங்கும் இடம் அடுத்தது. கட்டமைப்பை மிக நேர்த்தியாகக் காப்பாற்றிய முறை ஒன்று உண்டு. ராபர்ட் மெக்கின்டைரும் ஃபாஹியும் முதலில் குளுட்டரால்டிஹைடு என்ற இரசாயனத்தைச் செலுத்தி மூளையை நிலைப்படுத்தி, பிறகு கண்ணாடியாக்கினார்கள். முயல் மூளைக்காக 2016இலும் பன்றி மூளைக்காக 2018இலும் மூளைப் பாதுகாப்புக்கான பரிசுகள் அதற்குக் கிடைத்தன; மின் நுண்ணோக்கியில் இணைப்புகள் தெளிவாகத் தெரிந்தன. ஆனால் அந்த இரசாயனம் புரதங்களை எல்லாம் ஒன்றோடொன்று பிணைத்துவிடுகிறது. அந்த மூளை மறுபடி உயிர்ச்செயலுக்குத் திரும்ப இன்றைய உயிரியலில் வழி கிடையாது. அதை வரைபடமாகப் படித்து வேறொன்றில் இயக்கலாம் என்பதே திட்டம். 302 நரம்பணுக்கள் மட்டுமே கொண்ட ஒரு நுண்புழுவின் இணைப்பு வரைபடம் 1986இலேயே வெளியானது. அதை வைத்து அந்தப் புழுவின் நடத்தையை முழுமையாகக் கணிக்க இன்றும் முடியவில்லை. பழ ஈயின் முழு மூளை வரைபடம், ஏறக்குறைய 1,40,000 நரம்பணுக்களோடு, 2024இல்தான் வந்தது. வரைபடம் போதுமா, அப்படி இயங்கத் தொடங்கும் ஒன்று உங்கள் மூத்தவர்தானா, அவருடைய பிரதியா என்பதில் தத்துவ அறிஞர்களிடையே உடன்பாடு இல்லை.

ஆக, "ஒருபோதும் முடியாது" என்று நான் எழுத மாட்டேன். அப்படி யாரும் நிரூபிக்கவில்லை. ஆனால் முடியாதென்று நிரூபிக்கப்படாதது வேறு, நடக்க வாய்ப்புண்டு என்பது வேறு. ஐந்து சதவீதம், பத்து சதவீதம் என்று யாராவது உங்களிடம் எண் சொன்னால் அது எந்த அளவீட்டிலிருந்தும் வந்ததில்லை. இன்று தொட்டிகளில் இருக்கும் சில நூறு பேரில், பழைய முறைகளில், தாமதமாக உறைய வைக்கப்பட்டவர்கள் திரும்புவார்கள் என்று நம்ப எனக்கு ஒரு காரணமும் தெரியவில்லை. சிறந்த சூழலில் பாதுகாக்கப்பட்டவர்கள் விஷயத்தில் "தெரியாது" என்ற சொல்லோடு நிறுத்திக்கொள்கிறேன்.

ஏமாற்றா என்று கேட்டீர்கள். இந்த இயக்கத்தைத் தொடங்கியவர் ராபர்ட் எட்டிங்கர் என்ற அமெரிக்க இயற்பியல் ஆசிரியர். 1960களில் இந்த எண்ணத்தைப் பரப்பினார். 1967 ஜனவரி 12 அன்று புற்றுநோயால் இறந்த ஜேம்ஸ் பெட்ஃபோர்டு என்ற உளவியல் பேராசிரியர் முதலில் உறைய வைக்கப்பட்டார். இன்றும் அரிசோனாவில் ஆல்கர் நிறுவனத்தின் தொட்டியில் இருக்கிறார். ஆல்கர் 1972இலும், மிச்சிகனில் கிரையானிக்ஸ் இன்ஸ்டிடியூட் 1976இலும் தொடங்கின. இரண்டும் இலாப நோக்கற்றவையாகப் பதிவு பெற்றவை. எட்டிங்கர் தன் தாயையும் இரண்டு மனைவியரையும் உறைய வைத்தார். 2011இல் இறந்தபோது அவரும் அவர்களோடு சேர்ந்தார். தன் தாயை வைத்து யாரும் மோசடி செய்வதில்லை. அவர் உண்மையாகவே நம்பினார் என்று ஏற்கிறேன்.

ஆனால் நம்பிக்கை நல்லதாக இருந்தும் நிர்வாகம் தோற்றதற்குச் சான்றுகள் இருக்கின்றன. கலிஃபோர்னியாவின் சாட்ஸ்வொர்த் இடுகாட்டு நிலவறை ஒன்றில் வைக்கப்பட்டிருந்த ஒன்பது உடல்கள், நைட்ரஜன் வாங்கப் பணம் தீர்ந்ததால் உருகி அழுகிப்போனது 1979இல் வெளிச்சத்துக்கு வந்தது. பொறுப்பாளர் குடும்பங்களிடம் உண்மையைச் சொல்லவில்லை. பிரான்சில் ஒரு மருத்துவரும் அவருடைய மனைவியும் தங்கள் மாளிகையின் நிலவறையில் மின்சார உறைபெட்டியில் வைக்கப்பட்டிருந்தார்கள். 2006இல் இயந்திரம் பழுதாகி வெப்பநிலை ஏற, மகன் இருவரையும் எரியூட்ட நேர்ந்தது. அதன் பிறகு பெரிய நிறுவனங்கள் முழுத்தொகையையும் முன்கூட்டியே பெற்று, ஒரு பகுதியை அறக்கட்டளை நிதியில் முதலீடு செய்து, அதன் வருமானத்தில் நைட்ரஜன் வாங்குகின்றன. தொட்டிகளுக்கு மின்சாரம் தேவையில்லை. ஆவியாகும் நைட்ரஜனை அவ்வப்போது நிரப்பினால் போதும். அந்த "அவ்வப்போது" பல நூற்றாண்டுகள் இடைவிடாமல் தொடர வேண்டும். எந்தக் கரைசலைப் பற்றியும் எனக்கு இருக்கும் சந்தேகத்தைவிட இதைப் பற்றிய சந்தேகம் பெரிது. அவ்வளவு காலம் ஒரே கடமையை விடாமல் செய்த நிறுவனங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

நெறிமுறை என்றதும் மக்கள்தொகை பெருகும், பணக்காரர்களுக்கு மட்டும் கிடைக்கும், இயற்கைக்கு விரோதம் என்ற மறுப்புகள் வரும். அவை என்னை அவ்வளவு உலுக்குவதில்லை. இதய அறுவைச் சிகிச்சைக்கும் ஒருகாலத்தில் இவற்றைச் சொல்லியிருக்கலாம். என்னை உலுக்குவது மரணப் படுக்கை. 2016இல் இங்கிலாந்தில், புற்றுநோயால் இறந்துகொண்டிருந்த 14 வயதுச் சிறுமி தன்னை உறைய வைக்க வேண்டுமென்று நீதிமன்றத்தை வேண்டினாள். தாய் ஆதரித்தார், தந்தை எதிர்த்தார். நீதிபதி பீட்டர் ஜாக்சன் இந்த அறிவியலுக்கு ஒப்புதல் அளிக்கவில்லை. பெற்றோருக்கு இடையிலான சச்சரவில், உடல் பற்றிய முடிவைத் தாயிடம் விட்டார். சிறுமி இறந்த பிறகு மருத்துவமனை தெரிவித்த கவலைகள் தீர்ப்போடு பதிவாகியுள்ளன. வந்த தன்னார்வக் குழுவிடம் போதிய கருவிகளும் ஒழுங்கும் இல்லை. மகளின் கடைசி நாளில் தாய், இறப்புக்குப் பிந்தைய ஏற்பாடுகளிலேயே மூழ்கி, மகளோடு முழுமையாக இருக்க முடியாமல் போனார் என்றும் சொல்லப்பட்டது. அந்தத் தாயை நான் குறை சொல்லவே மாட்டேன். ஆனால் திரும்பக் கிடைக்காத ஒரு நாளை, கிடைக்குமா என்று தெரியாத ஒன்றுக்காக அவர் கொடுத்தார். விலைப்பட்டியலில் இது இடம்பெறுவதில்லை.

இன்னொரு சிக்கலும் இருக்கிறது. பாதுகாப்பு நன்றாக அமைய வேண்டுமென்றால் மூளை கெடுவதற்கு முன்பே தொடங்க வேண்டும். சட்டம் மரணத்துக்குப் பின்பே அனுமதிக்கிறது. மூளைக் கட்டியால் பாதிக்கப்பட்ட தாமஸ் டொனால்ட்சன் என்ற கணிதவியலாளர், கட்டி தன் மூளையை அழிப்பதற்கு முன்பே உறைய வைக்க உரிமை கோரிக் கலிஃபோர்னியாவில் வழக்குத் தொடுத்தார்; 1992இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் மறுத்தது. 2018இல் நெக்டோம் என்ற நிறுவனம், உயிர் இருக்கும்போதே இரசாயனம் செலுத்தும் முறையைத் தீரா நோயுற்றவர்களுக்கு வழங்கும் திட்டத்தை வெளியிட்டதும், அமெரிக்காவின் எம்.ஐ.டி. பல்கலைக்கழகம் அதனுடனான ஆய்வுத் தொடர்பை முறித்துக்கொண்டது. சரியான முடிவு என்றே நினைக்கிறேன். சீக்கிரம் இறப்பது நல்லது என்று நினைக்கத் தூண்டும் எந்த ஏற்பாடும், வலியைத் தணித்து மனிதரோடு இருக்க வேண்டிய மருத்துவத்துக்கு எதிரானது.

எழுப்பப்படுகிறவரைப் பற்றியும் யாரும் போதுமான அளவு பேசுவதில்லை. முதலில் எழுப்பப்படுகிறவர்கள் பரிசோதனைக்கு உள்ளாகிறவர்களே. பாதி நினைவோடு, தீராத வலியோடு விழித்தால் அவருக்காக யார் முடிவெடுப்பது? எந்த மருத்துவப் பரிசோதனையிலும் நேரக்கூடிய தீங்கை விளக்கித்தான் ஒப்புதல் வாங்குகிறோம். இங்கே விளக்கத் தெரிந்தவர் யாருமில்லை. எழுப்புவதற்கான கடமையும் எவர் மீதும் சட்டப்படி இல்லை.

இவ்வளவுக்குப் பிறகும் இதைத் தடைசெய்ய வேண்டுமென்று நான் சொல்லவில்லை. தெளிந்த மனமுள்ள ஒரு பெரியவர், தன் சொந்தப் பணத்தில், இது சிகிச்சை இல்லை, ஒரு பரிசோதனை முயற்சி என்று தெரிந்தே தன் உடலை ஒப்படைத்தால் அது அவர் உரிமை. எங்கள் துறையின் பன்னாட்டுச் சங்கமான கிரையோபயாலஜி சங்கம், இறந்தவர்களை உறைய வைப்பவர்களை உறுப்பினராக ஏற்பதில்லை என்று 1982இல் விதி செய்தது. பிற்காலத்தில் இதை அறிவியலென்று கருத முடியாது, ஊகமும் நம்பிக்கையுமே என்று சொல்லியிருக்கிறது. அந்தக் கருத்தோடு உடன்படுகிறேன். விலக்கி வைத்ததால் கவனமாகச் செய்திருக்கக்கூடிய ஆய்வுகளும் பின்தங்கின என்ற வருத்தமும் எனக்குண்டு. ஆனால் மரணம் நெருங்கிய கடைசி வாரத்தில், கலங்கிப்போன பிள்ளைகளிடம் கையெழுத்து வாங்குவதை நான் ஏற்கவே மாட்டேன். முயலின் மூளை ஒன்று கண்ணாடி நிலையிலிருந்து திரும்பி ஒழுங்கான மின்செயலைக் காட்டினால், அல்லது சுண்டெலி ஒன்று உயிரோடு எழுந்து, முன்பு கற்ற பாதையை நினைவில் வைத்திருந்தால், அன்று என் கருத்தை மாற்றிக்கொள்வேன்.

உங்கள் மூத்தவரிடம் இதை அப்படியே படித்துக் காட்டுங்கள். பிறகும் அவர் விரும்பினால் நிறுவனத்திடம் எழுத்தில் கேட்க வேண்டியவை: கடைசியாகப் பாதுகாத்தவர்களில் எத்தனை பேரிடம் இறந்து ஒரு மணி நேரத்துக்குள் குழு சென்று சேர்ந்தது, அவர்களுடைய மூளையின் சி.டி. படங்களில் பனிக்கட்டி எவ்வளவு தெரிந்தது; பராமரிப்பு நிதியின் தணிக்கை அறிக்கை எங்கே; நிறுவனம் மூடப்பட்டால் உடல் யாரிடம் போகும். கிரையானிக்ஸ் இன்ஸ்டிடியூட்டில் அடிப்படைக் கட்டணம் 28,000 டாலர் என்றும், ஆல்கரில் முழு உடலுக்கு இரண்டு இலட்சம் டாலருக்கு மேல் என்றும் அறிவித்திருக்கிறார்கள். காத்திருக்கும் குழுவும் பயணச் செலவும் அதில் அடங்குமா என்பதைத் தனியாகக் கேளுங்கள். பெரும்பாலோர் ஆயுள் காப்பீட்டின் வழியாகக் கட்டுகிறார்கள், முதிய வயதில் அந்தக் காப்பீடு கிடைப்பதே அரிது. அவர் உறுப்பு தானத்துக்கும் எழுதிக் கொடுத்திருந்தால் இரண்டும் பெரும்பாலும் ஒன்றாக நடக்காது. எது முந்தியது என்பதை அவரே எழுதி வைக்க வேண்டும். கடைசி நாட்களில் அவர் அருகே யார் இருப்பது, நிறுவனத்தோடு பேசுவது யார் என்பதை இரண்டு வெவ்வேறு ஆட்களிடம் ஒப்படைத்துவிடுங்கள்.